மலையைச் சுற்றி நடக்க ஒரு பாதை

2016 டிசம்பரில் நியூசிலாந்தில் இருக்கும் மகள் வீட்டுக்குப் போயிருந்தேன். "அப்பா, ஒரு மலை காட்டறேன். ஏறவே வேணாம், உங்க முட்டிக்கு ஒண்ணும் ஆகாது" என்று டவுரங்கா நகரத்துக்கு அழைத்துப் போனாள்.

மலையின் பெயர் மௌவாவோ. 232 மீட்டர் உயரம்தான். கடலுக்குள் நீளும் மணல்திட்டின் முனையில் தனியாக உட்கார்ந்திருக்கிறது. இருபது, முப்பது லட்சம் ஆண்டுகளுக்கு முன் எரிமலைக் குழம்பு வெளியே வந்து உருவானது. குழம்பு கெட்டியாக இருந்ததால் ஓடிப் பரவவில்லை. நம் வீட்டில் கேழ்வரகுக் களி கிண்டித் தட்டில் கொட்டினால் கும்மென்று நிற்குமே, அப்படி வந்த இடத்திலேயே குவிந்து இறுகிவிட்டது.

அடிவாரத்தைச் சுற்றி ஏறக்குறைய மூன்றரை கிலோமீட்டர் பாதை. முக்கால் மணி நேரம் போதும் என்றார்கள், எனக்கு ஒன்றரை மணி ஆனது. ஒரு பக்கம் அலை, மறுபக்கம் சரிவில் மேயும் ஆடுகள். போஹுடுகாவா மரங்கள் பூத்திருந்த நேரம். நம் வாகைப்பூ போல இழை இழையாக, ஆனால் ரத்தச் சிவப்பில், பாதை முழுக்க உதிர்ந்து கிடந்தன. குழந்தையை வண்டியில் தள்ளியபடி ஒரு அம்மா, கோல் ஊன்றி ஒரு பெரியவர். எனக்குத் திருவண்ணாமலைதான் ஞாபகம் வந்தது. என் அப்பா பௌர்ணமி தவறாமல் 14 கிலோமீட்டரும் வெறுங்காலில் சுற்றியவர். அதனாலேயே மகளிடம் சொல்லி வலமாகச் சுற்றினேன்.

அந்த மலைக்கு, நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரி மக்கள் ஒரு கதை சொல்கிறார்கள். முன்பு அது பேரில்லாத மலையாம். புவெனுவா என்ற மலையின் மேல் ஆசைப்பட்டது. அவள் மனமோ வேறொரு மலையிடம். துக்கம் தாங்காமல், இரவில் நடமாடும் வனதேவதைகளிடம், "என்னைக் கடலில் இழுத்துப்போய்ப் போட்டுவிடுங்கள்" என்று கேட்டது. அவர்களும் கயிறு திரித்து, மந்திரம் பாடி இழுத்தார்கள். கரைக்கு வரும்போது விடிந்துவிட்டது. வெளிச்சம் ஆகாத அவர்கள் கயிற்றைப் போட்டுவிட்டு ஓட, மலை அங்கேயே நின்றுவிட்டது. மௌவாவோ என்றால் விடியலில் அகப்பட்டது என்று பொருள். 2008-ல் சட்டம் போட்டு, மலையின் உரிமையை அந்த மண்ணின் மாவோரி குலங்களிடமே திருப்பிக் கொடுத்தார்கள். அதற்காகப் பொதுமக்கள் நடக்கத் தடை போடவில்லை.

சரி, நம்ம வேலூருக்கு வருவோம். மரமில்லா மலை, நீரில்லா ஆறு என்று நாமே சொல்லிப் பழகிவிட்டோம். வட ஆற்காட்டுப் பாறைகளுக்கு வயது சுமார் 250 கோடி ஆண்டு. அவற்றின் முன்னால் மௌவாவோ நேற்றுப் பிறந்த பிள்ளை. சைதாப்பேட்டை, காகிதப்பட்டறை, சத்துவாச்சாரி எங்கே நின்று நிமிர்ந்தாலும் மலைதான். ஆனால் அதன் காலடியில் ஒரு வயதானவர் நிம்மதியாக ஒரு மணி நேரம் நடக்க வழி இருக்கிறதா? முள்ளும் குப்பையும் பாட்டில் சில்லும்தான். கோடை வந்தால் யாரோ நெருப்பு வைக்கிறார்கள். ராத்திரி மொட்டை மாடியிலிருந்து பார்த்தால் மலைமேல் சிவப்புக் கோடு ஊர்ந்துகொண்டிருக்கும். காலையில் துணி காயப்போட்ட கொடியில் சாம்பல் ஒட்டியிருக்கும். வள்ளிமலையில் கைகூப்புகிற அதே ஜனங்கள்தானே நாம்! எனக்கு வயிறு எரிகிறது.

நான் கேட்பது பெரிய திட்டம் இல்லை. வளைவு, வண்ண விளக்கு, சிமெண்ட் தளம் எதுவும் வேண்டாம். மண் பாதை போதும். ஓரத்தில் வேம்பும் புங்கனும். வீடுகள் மலையை ஒட்டி நிற்கும் இடத்தில் யாரையும் கிளப்பாமல் தெருவோடு சேர்ந்து போகட்டும், அது இன்னும் நல்லது, திண்ணையில் தண்ணீர் கிடைக்கும். மலை உச்சிக்குப் படி கட்டுவதைவிட இதுதான் முதலில் வேண்டும். உச்சிக்கு முட்டி நல்லா இருக்கிறவர்கள்தான் போவார்கள், அடிவாரத்தில் எல்லாரும் நடக்கலாம். வேலூர் வெயிலில் யார் நடப்பார் என்று கேட்கிறார்கள். விடியற்காலை ஐந்தரைக்குக் கோட்டைப் பக்கம் வந்து பாருங்கள், எத்தனை பேர் நடக்கிறார்கள் என்று.

போன ஆடியில் நாங்கள் நாலு பேர் மலையடியில் ஏழு வேப்பங்கன்று வைத்தோம். ஐந்து பிழைத்திருக்கின்றன. ஞாயிறு காலை காகிதப்பட்டறை பக்கம் போகிறோம். வருகிறவர்கள் ஆளுக்கு இரண்டு பாட்டில் தண்ணீர் கொண்டுவாருங்கள், ஒன்று உங்களுக்கு, ஒன்று கன்றுக்கு.