முதலில் அவர் எடுத்த படத்தைச் சொல்லுங்கள்

ஒளிப்படக்காரர் டீனா மொடோட்டியின் கண்காட்சியில் வைத்த அறிமுக அட்டையைப் பற்றிச் சனிக்கிழமையிலிருந்து பேச்சு ஓடுகிறது. நானும் சொல்லிவிடுகிறேன். "எட்வர்ட் வெஸ்டனின் காதலி, மாடல்" என்றா ஒரு கலைஞரை அறிமுகப்படுத்துவது? "ஒளிப்படக்காரர்" என்ற சொல் மூன்றாவது வரியில்தான் வருகிறது.

பக்கத்திலேயே 1926 மே தின ஊர்வலப் படம் மாட்டியிருந்தது. மேலிருந்து எடுத்தது. ஒரு முகமும் தெரியாது. சட்டகம் முழுக்க வெயிலில் வெளுத்த அகலத் தொப்பிகள், ஒரே திசையில் நகர்கின்றன. இதை எடுத்தவரைச் சொல்ல ஓர் ஆணின் பெயர் எதற்கு?

"வெஸ்டன்தானே கற்றுக்கொடுத்தார்?" ஆம், அமெரிக்க ஒளிப்படக்காரர் அவர். 1923இல் மெக்சிகோ போனபோது ஸ்டூடியோவை டீனா பார்த்துக்கொள்வது, வெஸ்டன் தொழில் கற்றுத்தருவது என்பதுதான் ஏற்பாடு. உழைத்துக் கற்றார். 1926இல் வெஸ்டன் திரும்பிப் போய்விட்டார். டீனா அங்கேயே இருந்தார், 1927இல் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்தார். தோட்டாப் பட்டையும் மக்காச்சோளமும் அரிவாளும், மண்வெட்டிப் பிடிமேல் ஓய்ந்த உழைப்பாளியின் கைகளும் அந்த ஆண்டில் எடுத்த படங்கள்.

என் அத்தை ஆலைச் சங்கத்துக்காகச் சிறை சென்றவர். சங்கத்தின் பொன்விழா மலரில் அவர் படத்துக்குக் கீழே "தோழரின் துணைவியார்" என்று போட்டார்கள். பெயர்கூட இல்லை. அத்தை ஒன்றும் பேசாமல் மலரை அலமாரியில் வைத்துவிட்டார். எனக்கு இன்னும் ஆறவில்லை. டீனாவும் சிறுவயதிலேயே இத்தாலியின் உதினேயில் ஆலை வேலைக்குப் போனவர்.

1929 ஜனவரியில் மெக்சிகோ நகரத் தெருவில் கியூபக் கம்யூனிஸ்ட் ஹூலியோ அந்தோனியோ மெல்லா சுடப்பட்டபோது கூட நடந்தவர் டீனா. கண்ணெதிரே காதலனை இழந்தவரின் அந்தரங்கத்தைப் பத்திரிகைகள் கடைவிரித்தன. வெஸ்டன் எடுத்த நிர்வாணப் படங்களைக் காட்டி ஒழுக்கம் கெட்டவள் என்றன. அன்று எதிரிகள் செய்ததை இன்று நம்மவர்களே செய்யலாமா?

"ஸ்டாலின் ஆதரவாளர்தானே?" என்று ஒருவர் கேட்கிறார். அதைத் தாராளமாக விவாதிப்போம், அவரை அரசியல் மனுஷியாக நிறுத்தி. கவிஞர் நெரூதாவின் அரசியலைப் பேச அவர் மனைவியரிடமிருந்தா தொடங்குகிறீர்கள்?

"கேமராவையே விட்டுவிட்டாரே" என்கிறார் இன்னொருவர். 1930இல் நாடு கடத்தப்பட்டார். ஸ்பெயின் உள்நாட்டுப் போரில் மரியா என்ற பெயரில் மருத்துவமனையில் காயம்பட்டவர்களைப் பார்த்துக்கொண்டார். விட்டதும் அவர் முடிவு. அதையும் ஒரு காதல் கதைக்குள் அடைக்காதீர்கள்.

கண்காட்சி அடுத்து வேறு ஊருக்குப் போகிறதாம். அட்டையை மாற்றுங்கள். "ஒளிப்படக்காரர், கம்யூனிஸ்ட். உதினே 1896 – மெக்சிகோ நகரம் 1942" என்று தொடங்குங்கள். வெஸ்டன் பெயர் கீழே, தொழில் கற்றுத்தந்தவர் என்ற இடத்தில் வரட்டும்.