ஜாஸ் யாருடைய சொத்து, ஐயா?

ஞாயிற்றுக்கிழமை நம்ம மலையகத்து ஹட்டன் மண்டபத்தில் நடந்த விழாவில், சாக்ஸபோனில் ஜாஸ் வாசித்த தம்பியைப் பாதியில் நிறுத்தி மைக்கைப் பிடுங்கியதைப் பற்றி ஆளாளுக்கு எழுதித் தள்ளிவிட்டீர்கள். வீடியோவையும் எல்லாரும் பார்த்தாயிற்று. நான் வாயை மூடிக்கொண்டுதான் இருந்தேன். நேற்று ராத்திரி அந்த "மூத்த கலைஞர்" போட்ட பதிவைப் பார்த்த பிறகு முடியவில்லை. "தப்புப் பறை முழங்கிய மண்ணில் மேட்டுக்குடி இசை எதற்கு? ஜாஸ் கொழும்பு ஹோட்டல்காரன் குடித்துக்கொண்டு கேட்பது. தம்பிக்கு வேர் தெரியவில்லை." அதற்கு 300க்கு மேலே லைக். என் நண்பர்கள் சிலரும் போட்டிருக்கிறீர்கள். பார்த்தேன்.

தம்பி வாசித்தது ஜான் கோல்ட்ரேன் என்ற கறுப்பின ஜாஸ் சாக்ஸபோன் கலைஞரின் இசை. சரி, அந்த மேட்டுக்குடி மனிதரின் மாளிகைக்கு ஒருதரம் போய்ப் பார்ப்போம்.

1926இல் அமெரிக்காவின் வட கரோலினாவில் பிறந்தவர். கறுப்பருக்கு வேறு பள்ளிக்கூடம், வெள்ளையருக்கு வேறு பள்ளிக்கூடம் என்று சட்டம் போட்டுப் பிரித்து வைத்திருந்த இடம். அப்பா தையற்காரர். மகனுக்குப் பன்னிரண்டு வயதாகும்போதே போய்ச் சேர்ந்துவிட்டார். அம்மா வீட்டு வேலைக்குப் போனார். படிப்பு முடிந்ததும் மகன் பிலடெல்பியாவுக்குப் போய்ச் சீனித் தொழிற்சாலையில் வேலை பார்த்தார். முதல் சாக்ஸபோனை வாங்கிக் கொடுத்தது அந்த அம்மாதான்.

இதுதான் மேட்டுக்குடி என்றால், பொகவந்தலாவவில் தோட்டத் தொழிலாளர் வரிசை வீடான லயத்தில் பிறந்த நானெல்லாம் ஜமீன்தார்.

ஜாஸ் ஹோட்டலில் பிறக்கவில்லை, ஐயா. தோட்டத்தில் அடிமையாகக் கிடந்தவர்களின் பேரப்பிள்ளைகள் உண்டாக்கியது. தென் கரோலினாவில் 1740இல் ஒரு சட்டம் கொண்டு வந்தார்கள்: அடிமைகள் முரசோ கொம்போ வைத்திருக்கக் கூடாது. சத்தம் கேட்டு ஆட்கள் கூடிவிடுவார்கள் என்ற பயம். இங்கே நம்ம தேயிலைத் தோட்டத்துத் துரைமார் இன்னும் கெட்டிக்காரர்கள். தப்பைத் தடுக்கவில்லை. விடிய முன்னம் அதையே அடிக்க வைத்து நம் பாட்டன்மாரை, வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்களத்துக்கு இழுத்தார்கள். அங்கே முரசைப் பறித்தான், இங்கே தப்பையே காவல்காரனாக்கினான். இந்த இரண்டு கதையும் ஒன்றுக்கொன்று சொந்தம் என்பது லயத்தில் வளர்ந்த பிள்ளைக்குப் புரிகிறது. மேடையில் முன்வரிசைக் கதிரையில் இருந்தவருக்குப் புரியவில்லை.

என் தாய்மாமா தலவாக்கலைப் பக்கம் ஒரு துரை பங்களாவில் அப்புவாக, அதாவது வீட்டு வேலைக்காரராக, இருந்தவர். வெள்ளைத் துரை. ராத்திரிச் சாப்பாடு முடிந்ததும் ரெக்கார்ட் போடுவாராம். மாமா குசினியில் கோப்பை கழுவிக்கொண்டே கேட்பார். யார் வாசிக்கிறார்கள், என்ன பெயர், ஒன்றும் தெரியாது. ஆனால் மெட்டு அத்தனையும் மனப்பாடம். வயதான பிறகும் விறகு பிளக்கும்போது வாயால் 'பாப்ப பாப்ப' என்று வாசிப்பார், நாங்கள் சிரிப்போம். 1975இல் தோட்டங்களை அரசாங்கம் எடுத்த கையோடு துரை ஊருக்குப் போய்விட்டார். போகும்போது மாமாவுக்கு ஒரு பழைய கோட்டும் ஒரு ரெக்கார்டும் கொடுத்தாராம். லயத்தில் அதைப் போட மெஷின் ஏது? சாமிப் படத்துக்குப் பக்கத்தில் சாத்தி வைத்திருந்தார். வெள்ளிக்கிழமையானால் அத்தை அதற்கும் பொட்டு வைப்பார். எங்களுக்கு ஜாஸ் குசினி வழியாக வந்தது. கொழும்பு ஹோட்டலுக்குள்ளே எங்களை யார் விட்டார்கள்?

"கோல்ட்ரேன் போதைக்காரன், பிள்ளைகளுக்கு அவனையா காட்டுவது?" என்று ஒருவர் கேட்டிருந்தார். ஆமாம், ஹெரோயின் பிடித்திருந்தது. அதனாலேயே 1957இல் ட்ரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸின் ஜாஸ் குழுவிலிருந்து அனுப்பினார்கள். அதே வருஷம் விட்டுத் தொலைத்தார். 1967இல் நாற்பது வயதில் ஈரல் புற்றுநோயில் சாகும்வரை பத்து வருஷம் பேய் மாதிரி உழைத்தார். இதைக் கேட்டவர் தேர்தல் காலத்தில் லயத்துக்கு லயம் எதைப் பங்கு வைத்தார் என்று நான் கேட்கவில்லை. கேட்கவே மாட்டேன்.

"சாக்ஸபோன் நம்ம வாத்தியம் இல்லை." வயலினும் ஆர்மோனியமும் மட்டும் மஸ்கெலியாவில் காய்த்ததா? கத்ரி கோபால்நாத் நாதஸ்வரக்காரர் மகன். சாக்ஸபோனில் கர்நாடக இசை வாசித்து 1994இல் லண்டன் பிபிசி விழா மேடை வரை போனார். இதற்கு மேல் இதில் பேச ஒன்றுமில்லை.

வேர் பற்றிப் பேசுகிறவர்களுக்கு இன்னொன்று. கோல்ட்ரேன் தன் மகனுக்கு ரவி என்று பெயர் வைத்தார், சிதார் மேதை ரவிசங்கர் மேல் இருந்த மரியாதையில். மனைவி ஆலிஸ் பிற்காலத்தில் துறவியாகிக் கலிபோர்னியாவில் ஆச்சிரமம் வைத்துப் பஜனை பாடினார். அவர்கள் நம்ம பக்கம் திரும்பிப் பார்க்கலாம். நம்ம பையன் அவர்கள் பக்கம் பார்த்தால் மட்டும் வேரறுந்தவனா?

"தப்புக் கலைஞனுக்கே மேடை இல்லையே" என்று ஒரு தங்கச்சி எழுதியிருந்தா. அது நியாயம். அதற்கு என்னிடம் பதில் இல்லை. ஆனால் தங்கச்சி, மேடை கொடுக்காதது யார்? இந்தத் தம்பியா? தப்பு தப்பு என்று நெஞ்சில் அடித்துக்கொள்கிற இதே பெரியவர்கள், தப்படிக்கிறவர் வீட்டில் ஒரு வாய் பிளேன்ரீ குடிப்பார்களா? சம்பந்தம் கலப்பார்களா? 2023இல் நம் ஆட்கள் மலையகத்துக்கு வந்து 200 வருஷம் என்று 'மலையகம் 200' விழாவை ஊரூராக எடுத்தபோது தப்பு வேண்டியிருந்தது, அடிக்கிறவரை மண்டபத்துக்கு வெளியே திண்ணையில் உட்கார வைத்துச் சோறு போட்டதை நான் என் கண்ணால் பார்த்தேன். நம் ஆட்கள் கூடை சுமக்க வேண்டும், தப்படிக்க வேண்டும், போட்டோவுக்கு அழ வேண்டும். அதைத் தாண்டி ஒன்றை ஆசைப்பட்டால் உடனே வேர், மண், மரபு.

அழுகை என்றதும்தான் ஞாபகம். "விழாவில் ஏன் இழவுப் பாட்டு?" என்று சொல்லித்தானே மைக்கைப் பிடுங்கினீர்கள்? இழவுப் பாட்டேதான். 1963இல் அலபாமா மாநிலம் பர்மிங்காமில் கிறிஸ்தவ தேவாலயத்துக்குக் குண்டு வைத்து நாலு கறுப்புப் பெண் பிள்ளைகளைக் கொன்றார்கள். ஞாயிற்றுக்கிழமை காலை. இரண்டே மாதத்தில் கோல்ட்ரேன் அதற்காக ஒரு சொல்லும் இல்லாமல் சாக்ஸபோனிலேயே ஒப்பாரி வைத்தார். தம்பி எடுத்தது அதைத்தான். பாதியில் நிறுத்திவிட்டு, பொன்னாடைக்கு நேரமாகிறது என்றீர்கள். எந்த ஊரில் ஒப்பாரியைப் பாதியில் நிறுத்துவார்கள்?

"தலைவரைத் தாக்கிவிட்டாய்" என்று கமெண்டில் வரப்போகிறவர்கள் தாராளமாக வரலாம், பிளாக் பண்ண மாட்டேன். வேறு ஒரு விஷயம் இருக்கிறது. தம்பியிடம் சாக்ஸபோன் வாயில் பொருத்தி ஊதும் மெல்லிய நாணல் துண்டான ரீட் ஒன்றுதான் மிச்சம், அதுவும் ஓரம் பிளந்தது. டெனர் சாக்ஸபோனுக்கு ரீட் வைத்திருக்கிறவர்கள், கொழும்பிலிருந்து வாங்கி அனுப்பக்கூடியவர்கள் இன்பாக்ஸுக்கு வாருங்கள். பொன்னாடை மிஞ்சியவர்கள் வரவேண்டாம்.