2009 பட்டியலில் இருப்பது காற்றுத் தரவரிசை அல்ல
"மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியமே சொல்லிடுச்சு, வேலூர் காற்றுக்கு 81.79 மார்க், மூச்சே விட முடியாது" என்று ஒருத்தர் பதிவு போட்டிருக்கிறார். அந்த எண் நிஜம்தான், ஆனால் அது காற்றுக்கான மார்க் கிடையாது. 2009-ல் வாரியம் நாடு முழுக்க 88 தொழிற்பகுதிகளை எடுத்து காற்று, தண்ணீர், நிலம் மூன்றையும் சேர்த்துப் போட்ட கூட்டுக் குறியீடு அது, 70-ஐத் தாண்டினால் மிகவும் மோசமான மாசுப் பகுதி என்று அர்த்தம். இன்னொன்று, பட்டியலில் பெயர் "வேலூர் - வட ஆற்காடு" என்று இருந்தாலும் கணக்கெடுத்தது ராணிப்பேட்டை சிப்காட் தொழிற்பேட்டைப் பக்கம். வேலூர் கோட்டைக்கும் காட்பாடிக்கும் அதை அப்படியே ஒட்டவைக்க முடியாது. ராணிப்பேட்டை வேலூரிலிருந்து பிரிந்து தனி மாவட்டமானதே 2019-ல்தான், அதனால் பழைய அறிக்கையில் பெயரை மட்டும் பார்த்தால் குழப்பம்தான் வரும். அதுக்காக இங்கே எல்லாம் சுத்தம் என்று நான் சொல்லவில்லை, இந்தப் பக்கம் பெரிய பிரச்சினையே தோல் தொழிற்சாலைக் கழிவு பாலாற்றிலும் கிணற்றுத் தண்ணீரிலும் கலந்ததுதான், 1996-ல் உச்ச நீதிமன்றம் வேலூர் வழக்கில் மாசுபடுத்தியவரே ஈடு கட்டணும் என்று தீர்ப்பு சொன்னதும் அதனால்தான். காற்று எப்படி என்று தெரியணும்னா தினசரி காற்றுத் தரக் குறியீட்டைப் பாருங்கள். அதில் எண் கூடினால் மோசம், 50 வரைக்கும் நல்லது, அந்த அளவுகோலே வேறு.