ஹெலிச் சத்தமும் அம்மம்மாவின் முகமும்

என் மகள் 2013இல் பிறந்தவள். ஷெல்லடியையும் பங்கரையும் அவள் கண்டதில்லை. ஆயினும் வீட்டுக்கு மேலால் ஹெலி பறந்தால், மற்றப் பிள்ளைகளைப்போல் அண்ணாந்து வானத்தைப் பார்க்காமல், முதலில் அம்மம்மாவின் முகத்தைத்தான் பார்க்கிறாள். 2009 மே மாதம், இலங்கைப் போரின் கடைசி நாட்களில், முல்லைத்தீவின் வட்டுவாகல் பாலத்தைக் கடந்து போர்க்களத்திலிருந்து வெளியே வந்த என் அம்மா, அடையாள அட்டைகளும் பிறப்புச் சான்றிதழ்களும் வைத்த பையை இன்றும் தலைமாட்டில் வைத்துக்கொண்டே படுக்கிறார். அது ஏன் என்று நாங்கள் அவளுக்குச் சொன்னதில்லை.

"பிள்ளைகளுக்கு அதையெல்லாம் சொல்லி மனதை ஏன் கெடுப்பான்?" என்று கேட்பவர்கள் அன்பினால்தான் கேட்கிறார்கள், நானும் பல ஆண்டுகள் அப்படித்தான் நினைத்திருந்தேன். இப்போது அது தவறென்று உறுதியாக நம்புகிறேன். காரணம் சொல்லப்படாத பயம், காரணம் தெரிந்த பயத்தைவிடப் பிள்ளையை ஆழமாகப் பிடித்துக்கொள்கிறது. அம்மம்மா திடீரென வாயடைத்துப் போனால், தான் ஏதோ பிழை செய்துவிட்டதாகவே பிள்ளை எண்ணுகிறது.

நாசிகளின் யூத இன அழிப்பில் தப்பியவர்களின் பிள்ளைகளிடம் மரபணுச் செயற்பாட்டில் மாற்றம் கண்டதாக 2015இல் வெளியான ஆய்வைப் பலர் எடுத்துக்காட்டுகிறார்கள். அதில் தப்பியவர்கள் 32 பேர், பிள்ளைகள் 22 பேர் மட்டுமே என்பதால், எல்லாவற்றையும் இரத்தத்தின்மேல் போட நான் தயாரில்லை. யாழ்ப்பாணத்தில் நெடுங்காலம் பணியாற்றிய உளமருத்துவர் தயா சோமசுந்தரம், போர் தனிமனிதரை மட்டுமன்றிக் குடும்பத்தையும் ஊரையும் சேர்த்தே காயப்படுத்துகிறது என்று எழுதிவந்திருக்கிறார். வன்னியில் வாழும் எனக்கு அதுவே பொருந்துகிறது.

காணாமல் ஆக்கப்பட்டோரின் வீடுகளுக்குச் சென்று பாருங்கள். சுவரில் தகப்பனின் படம் இருக்கும், மாலை இருக்காது. இறந்தவருக்குச் செய்யும் அந்தியேட்டிக் கிரியையும் இல்லை, ஆண்டு நிறைவில் செய்யும் ஆட்டத்திவசமும் இல்லை. தாய் பொட்டு வைத்தாலும் ஊர் பேசுகிறது, வைக்காவிட்டாலும் பேசுகிறது. 2017 பெப்ரவரி 20 அன்று கிளிநொச்சியில் தொடங்கிய உறவுகளின் போராட்டத்திற்குத் தாயின் கையைப் பிடித்துக்கொண்டு வந்த சிறுவர்கள் இன்று இளைஞர்கள். முகமே நினைவில் இல்லாத தகப்பனுக்காகக் காத்திருக்கும் வேலையைத் தாயிடமிருந்து அவர்கள் வாங்கிக்கொண்டிருக்கிறார்கள். அழுது முடிக்கவும் அவர்களுக்கு வழியில்லை.

வயதறிந்து, அளவறிந்து சொல்ல வேண்டும் என்பதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் சொல்ல வேண்டும்.

போரின் முடிவில் முள்ளிவாய்க்காலில் இறந்தோரை நினைவுகூரும் நாளான கடந்த மே 18 அன்று வீட்டில் அரிசியும் உப்பும் மட்டும் போட்டுக் கஞ்சி காய்ச்சினோம். பால் ஏன் விடவில்லை என்று மகள் கேட்டாள். அம்மா அகப்பையைக் கீழே வைத்துவிட்டு, கஞ்சிக்கு வரிசையில் நின்றதையும், அந்த வரிசையில் ஷெல் விழுந்ததையும் முதன்முறையாக அவளுக்குச் சொன்னார். அவள் நெடுநேரம் பேசாமல் இருந்தாள்.

"லைனில நின்ட பிள்ளைகளுக்கு எத்தின வயசு, அம்மம்மா?"

"உன்ர வயசுதான் ராசாத்தி."