எல்லையைத் தவிர எல்லாத்தையும் பார்த்த கமிஷன்

எங்க எல்லைத் தகராறு வழக்குல, இடத்தை நேர்ல பார்த்து அளந்து சொல்ல கோர்ட் அனுப்பின வக்கீல் கமிஷனரோட ரிப்போர்ட் வந்திருச்சுங்க. படிச்சதுல இருந்து தலை கொதிக்குது.

தென்னை மரம் 14, அதுல 2 பட்டுப்போனது. கிணறு ஒண்ணு, தண்ணி இருக்கு. மோட்டார் ரூம் கதவுக்கு நீல பெயிண்ட். மாட்டுக் கொட்டகை இருக்கு, மாடு இல்லை. எல்லாம் இருக்கு. பங்காளி எழுப்பின சுவர் எங்க இடத்துக்குள்ள வந்திருக்கா, இல்லையா? அதுக்கு மட்டும் ஒத்த வரி: "எல்லைக் கற்களை அடையாளம் காண இயலாததால் அளந்து காட்ட இயலவில்லை."

ஏன் சாமி, அதுக்குத்தானே கமிஷனே கேட்டோம்? தென்னை மரத்தை எண்ண எனக்குத் தெரியாதா?

உரிமையியல் நடைமுறைச் சட்டத்துல கட்டளை 26, விதி 9 இருக்கறது தகராறுல இருக்கற விஷயத்தைத் தெளிவுபடுத்தத்தான். தெளிவு வந்துரக் கூடாதுன்னு எதிர்த்தரப்பு என்ன பாடுபட்டுச்சு தெரியுமா? கமிஷன் கேட்டு நாங்க ஐ.ஏ. (வழக்குக்கு நடுவுல போடற இடைக்கால மனு) போட்டா, கவுண்டர்ல, அதாவது அவங்க பதில் மனுவுல, அந்தப் பழைய பல்லவி: "மனுதாரர் கமிஷன் மூலம் சாட்சியம் திரட்டப் பார்க்கிறார்." அதைத் தாண்டி ஆர்டர் வாங்கி, ஃபீஸ் கட்டி, கமிஷனருக்கு வாரண்ட் (இடத்தைப் பார்க்கச் சொல்ற கோர்ட் உத்தரவு) போய், தாசில்தார் ஆபீஸ் வழியா சர்வேயர் தேதி கிடைக்கறதுக்குள்ள அந்தச் சுவருக்குப் பூச்சும் முடிஞ்சு வெள்ளையும் அடிச்சாச்சு. தகராறு அரை சென்ட். 218 சதுரடிகூட முழுசா வராது.

சரி, அந்த நாளுக்கு வருவோம். காலையில 10 மணின்னு நோட்டீஸ். கமிஷனர் வந்தப்ப வெயில் உச்சிக்கு வந்திருச்சு. சர்வேயர் வந்தப்ப இறங்க ஆரம்பிச்சிருச்சு. எஃப்.எம்.பி. ஸ்கெட்சை (நில அளவு குறிச்ச சர்வே வரைபடம்) விரிச்சாரு. "வடகிழக்குக் கல்லுல இருந்து பிடிங்க" இது எங்க வக்கீல். "தென்மேற்குல இருந்து பிடிச்சாத்தான் சரி" இது அவங்க வக்கீல். டேப்பை விரிச்சா ஆட்சேபணை, சுருட்டினா ஆட்சேபணை. "நோட் பண்ணிக்குங்க சார்"னு ரெண்டு பேரும் கத்த, கமிஷனரும் எழுதறாரு, எழுதறாரு, எழுதிட்டே இருக்காரு. யாரோ தும்மினதைக்கூட எழுதியிருப்பாரோன்னு ரிப்போர்ட்ல தேடிப் பார்த்தேன்.

கடைசியில வடகிழக்கு மூலைக்குப் போனோம். அங்க பெரியம்மா. பங்காளியோட அம்மா. ஒரு ஸ்டூலைப் போட்டு, மடியில வெத்தலைப் பெட்டியோட உட்கார்ந்திருக்காங்க. சரியா கல்லு இருக்கற இடத்துல! சேலை ஸ்டூலைச் சுத்தித் தரை வரைக்கும் மூடியிருக்கு. எழுந்திரிங்கன்னு சொல்ல யாருக்கு வாய் வரும்? நானே "பெரியம்மா, நிழல்ல உட்காரலாமே"ன்னேன். "இருக்கட்டும்டா கண்ணு, முட்டி வலி"ன்னுட்டாங்க. எங்க வக்கீல் பொறுமை போயி, "சார், அம்மாவுக்குக் கீழே பார்க்கணும்"னு சொல்லித் தொலைச்சாரு. சர்வேயர் உட்பட எல்லாரும் சிரிச்சுட்டோம். உடனே அவங்க வக்கீல்: "என் கட்சிக்காரரின் தாயாரை அவமதிக்கிறார், நோட் பண்ணுங்க சார்!" அதையும் எழுதினாரு. பொழுது சாய்ஞ்சுது. கமிஷனர் கிளம்பிட்டாரு. அவர் வண்டி தெரு முனை தாண்டறதுக்கு முன்னாடியே பெரியம்மா ஸ்டூலைத் தூக்கிக்கிட்டு விறுவிறுன்னு வீட்டுக்குப் போயாச்சு. முட்டி வலியாம்!

எல்லைக் கல்லைப் பாதுகாக்கறது நில உடைமையாளர் பொறுப்புன்னு 1923-ல வந்த சர்வே எல்லைச் சட்டம் சொல்லுது. எங்க பங்காளி அம்மாவையே வெச்சுப் பாதுகாத்துட்டாரு.

ரிப்போர்ட்ல ஆறாவது பத்தி: "வடகிழக்கு மூலையில் ஒரு முதிய பெண்மணி அமர்ந்திருந்தார்." அவ்வளவுதான். ஏன் உட்கார்ந்திருந்தாங்க, கீழே என்ன இருந்துது, ஒண்ணும் கிடையாது. விதி 10 படி கமிஷனர் ரிப்போர்ட் வழக்குல சாட்சியம். ஆக, கல்லு சாட்சியத்துல இல்லை, பெரியம்மா இருக்காங்க.

இனி நாங்க ஆட்சேபணை போடணும், அதுக்கு அவங்க கவுண்டர், அப்புறம் வாரண்டைத் திருப்பி அதே கமிஷனருக்கே அனுப்பக் கேட்கணும், மறுபடி ஃபீஸ். பெரியம்மாவுக்கு நோட்டீஸ் அனுப்பி ஸ்டூலோட வரச் சொல்லலாமான்னு கேட்டேன், வக்கீல் சிரிக்கலை.

இதுல நாங்க எல்லாரும் மூலையில நின்ன நேரம் பார்த்து, மயில் கூட்டம் இறங்கி நிலக்கடலையைக் கிளறித் தின்னுட்டுப் போயிருக்கு. கல்லெறிஞ்சா வனத்துறை கேஸ் போடும். மயிலை விரட்ட வழி தெரிஞ்சவங்க சொல்லுங்கப்பா. பட்டாசு மட்டும் சொல்லாதீங்க, சத்தம் கேட்டா முதல்ல ஓடறது எங்க நாய்தான்.