ரோட்னி மல்லனின் இரண்டாவது பாதி

ஸ்கேட்போர்டிங்கில் ரோட்னி மல்லன் என்ற பெயர் வந்தாலே கண்டுபிடிப்புப் பட்டியல்தான் வரும். கிக்ஃப்ளிப், ஹீல்ஃப்ளிப், இம்பாஸிபிள், 360 ஃப்ளிப் என்று பலகையைக் காற்றில் சுழற்றும் வித்தைகள். எல்லாம் 80களின் முதல் பாதியில், இருபது வயதுக்குள். மறுக்கவில்லை. ஆனால் என்னைக் கேட்டால், அந்த மனிதர் செய்த பெரிய காரியம் அதற்கு அப்புறம்தான் இருக்கிறது. அதை ஏனோ ஒரு வரியில் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

1966-ல் புளோரிடாவில் பிறந்தவர். அப்பா பல் மருத்துவர், கறாரான ஆள். 1977 புத்தாண்டு அன்று பலகை வாங்க அனுமதி கிடைத்தது, ஆனால் பெரிதாக அடிபட்டால் அன்றோடு நிறுத்திவிட வேண்டும் என்ற நிபந்தனையோடு. வீடு இருந்தது பண்ணையில். சுற்றிலும் சரிவும் கிடையாது, ஸ்கேட் பார்க்கும் கிடையாது. இருந்தது கராஜின் சிமெண்ட் தரை மட்டும். வெறும் சமதரையில் என்ன செய்ய முடியுமோ அதையெல்லாம் செய்து பார்த்தார்.

பலகையைக் கையால் பிடிக்காமல் அதோடு சேர்ந்து எழும்பும் ஓலியை முதலில் செய்தவர் ஆலன் கெல்ஃபாண்ட், 70களின் கடைசியில். ஆனால் அது வளைந்த சுவரில். மல்லன் அதைச் சமதரைக்குக் கொண்டுவந்தார். பின்காலால் பலகையின் வாலைத் தரையில் ஓங்கித் தட்ட வேண்டும், மூக்கு மேலே எழும்பும். அந்த நொடியிலேயே முன்காலை மேல்நோக்கி இழுக்க வேண்டும். ஷூவின் பக்கவாட்டு, பலகையின் மேல் ஒட்டியிருக்கும் கிரிப் டேப் என்ற பட்டையின் சொரசொரப்பில் உரசிப் பலகையையும் கூடவே தூக்கும். பாதத்தை முன்னே தள்ளினால் வாலும் எழும்பி, பலகை காற்றில் சமமாகும். கையால் தொடவே இல்லை! இன்று படிக்கட்டையும் கைப்பிடிக் கம்பியையும் தாண்டிக் குதிப்பவர்கள் எல்லோரும் செய்வது இதைத்தான்.

14 வயதில், 1980-ல், அப்போது ஃப்ரீஸ்டைலில், அதாவது சமதரையில் வித்தை காட்டும் பிரிவில், முன்னணியில் இருந்த ஸ்டீவ் ராக்கோவைத் தோற்கடித்தார். அடுத்த பத்தாண்டில் கலந்துகொண்ட 35 போட்டிகளில் 34-ல் வெற்றி என்று கணக்கு சொல்கிறார்கள். சரி, விடுங்கள். அந்தப் போட்டிகளை இப்போது யார் நினைவில் வைத்திருக்கிறார்கள்?

1990 வாக்கில் ஃப்ரீஸ்டைல் என்ற பிரிவே செத்துப்போனது. நாட்டாஸ் கௌபாஸ், மார்க் கொன்சாலஸ் மாதிரி ஆட்கள் அந்தச் சமதரை ஓலியைத் தெருவுக்குக் கொண்டுபோய்விட்டார்கள். பையன்கள் எல்லோரும் ஸ்ட்ரீட் என்ற அந்தத் தெரு பாணிப் பக்கம் சாய்ந்துவிட, மல்லன் தன் கண்டுபிடிப்பாலேயே பழைய ஆள் ஆகிப்போனார். நம்மில் பலர் அந்த இடத்தில் 'அதெல்லாம் என் காலத்தில்' என்று ஆரம்பித்திருப்போம். பிழைப்புக்கும் குறையில்லை. தான் தோற்கடித்த அதே ராக்கோவின் வேர்ல்ட் இண்டஸ்ட்ரீஸ் என்ற ஸ்கேட்போர்டு கம்பெனியில் அப்போது பங்குதாரர்.

1991-ல் பிளான் பி என்ற ஸ்கேட்போர்டு கம்பெனியைத் தொடங்கிய மைக் டெர்னாஸ்கி இவரைத் தெருவுக்கு இழுத்தார். சும்மா அழைப்பு இல்லை, விடாப்பிடி. பதினைந்து வருடப் பழக்கத்தை உடம்பு மறக்க வேண்டும். சின்னப் பலகையை விட்டுப் பெரிய பலகைக்கு மாற வேண்டும், நின்ற இடத்தில் சுழன்றதை விட்டு வேகமாக ஓட வேண்டும், அதுவும் தன்னைவிடப் பத்து வயது இளையவர்கள் பார்க்கும்போது. முடிந்ததா என்பதற்கு 90களின் முதல் பாதியில் வந்த வீடியோக்களில் விடை இருக்கிறது. பலகையைத் தலைகீழாகப் புரட்டி, கிரிப் டேப் ஒட்டிய மேல்பக்கத்தை விளிம்பில் வைத்தே வழுக்கிப் போனார்: டார்க்ஸ்லைடு. கால் வழுக்கக் கூடாது என்பதற்காகச் சொரசொரப்பு ஒட்டிய பக்கம் அது! ஃப்ரீஸ்டைல்காரன் மூளை இல்லாமல் இது தெருவுக்கு வந்தே இருக்காது. பழையதைத் தூக்கிப் போட்டுவிட்டு வந்தவர் அல்ல, சுமந்துகொண்டு வந்தவர். டெர்னாஸ்கி 1994-ல் கார் விபத்தில் இறந்துபோனார்.

(இன்னொரு பிரபல ஸ்கேட்டர் டோனி ஹாக் பெயரில் வந்த வீடியோ கேமில்தான் என்னைப்போலப் பலருக்கு இவர் அறிமுகம். பட்டன் தட்டினால் வருவதெல்லாம் ஒரு ஆள் உண்மையில் செய்தது என்று அப்போது யாருக்குத் தெரியும்.)

இப்படி அடியிலிருந்து பழகுவது ஒரு முறையோடு முடியவும் இல்லை. பல வருடம் ஒரே பக்கமாக நின்று குதித்ததில் வலது இடுப்பில் வடுத்திசு இறுகி, கால் அசைய மறுத்தது. இடுக்குகளில் காலை முட்டுக்கொடுத்து, அந்த இறுக்கத்தை வருடக்கணக்கில் தானே பிய்த்துத் தளர்த்தியிருக்கிறார். படிக்கவே பல் கூசுகிறது, தயவுசெய்து யாரும் முயற்சி செய்யாதீர்கள். கால் விடுபட்டதும் பழையபடி நிற்காமல், இடது முன்னாலா வலது முன்னாலா என்ற பேதமே இல்லாமல் நிற்க மறுபடி அடியிலிருந்து பழகினார். வயது நாற்பதைத் தாண்டியிருந்தது. பழகியதுகூட இரவில், ஆள் இல்லாத இடங்களில். போட்டிகளை விட்டு அப்போதே பல வருடம் ஆகியிருந்தது.