பெர்தெலில் என்ன அழகு?

நேற்றுக் கூட்டத்துக்கு வந்தவர்களுக்கு நான் எதைச் சொல்கிறேன் என்று தெரியும். துருக்கி, ஈராக் பக்கம் வாழும் குர்து மக்களின் கிராமங்களில் நடக்கும் பெர்தெல் கல்யாணத்தைச் 'செலவில்லாத, இரண்டு குடும்பத்தை இறுக்கிக் கட்டுகிற அழகான மரபு' என்றார் அங்கே பேசிய ஒரு நண்பர். கைதட்டல் வேறு. எனக்கு இரவெல்லாம் தூக்கமில்லை.

என் தங்கை உனக்கு, உன் தங்கை எனக்கு. இதுதான் பெர்தெல். துருக்கியின் தென்கிழக்கில் உர்ஃபா, தியார்பக்கிர் பக்கம் பெண் வீட்டுக்கு மாப்பிள்ளை வீடு பணம் கொடுப்பது வழக்கம். கொடுக்க முடியாதவர்கள் பெண்ணுக்குப் பெண் மாற்றிக்கொள்கிறார்கள். பணம் மிச்சம்தான், சரி. அந்த இரண்டு பெண்களையும் யாராவது கேட்டார்களா?

ஒருத்தி வாழாமல் திரும்பினால், நன்றாக வாழ்கிற இன்னொருத்தியையும் பிறந்த வீட்டுக்கு இழுத்து வருவார்கள். அதற்குப் பயந்தே அடிபடுகிறவள் வாய் திறக்கமாட்டாள்.

இதை நான் படித்து மட்டும் தெரிந்துகொள்ளவில்லை. என் சின்ன அத்தையைப் பெண் கொடுத்துப் பெண் எடுத்துத்தான் கட்டிவைத்தார்கள். சித்தப்பாவோடு சண்டை போட்டுச் சித்தி தாய்வீடு போனதும், அத்தை கைக்குழந்தையோடு எங்கள் வாசலில் வந்து நின்றார். அவருக்கும் மாமாவுக்கும் ஒரு மனஸ்தாபமும் கிடையாது. "அண்ணே, நான் என்ன செஞ்சேன்?" என்று கேட்டார். அப்பாவிடம் பதில் இல்லை. இன்றுவரை எங்கள் வீட்டில் யாரிடமும் இல்லை.

'அவர்கள் பண்பாட்டைக் கேள்வி கேட்க நீ யார்?' என்பீர்கள். கேட்டவர்கள் குர்துப் பெண்களே. அவர்கள் பல வருஷம் போராடித்தான், ஈராக்கின் தன்னாட்சிப் பகுதியான குர்திஸ்தானின் நாடாளுமன்றம் 2011-இல் கொண்டுவந்த குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தில் கட்டாயக் கல்யாணத்தோடு இந்த மாற்றுக் கல்யாணமும் குற்றமானது. துருக்கியின் குர்து அரசியல்வாதி லைலா ஸானாவைச் சிறுமியாக இருக்கும்போதே தன்னைவிட மிக மூத்த உறவினருக்குக் கட்டிவைத்தார்கள். அவர்தான் 1991-இல் துருக்கி நாடாளுமன்றத்தில் பதவியேற்றபோது குர்து மொழியில் பேசினார், பிறகு பத்து வருஷம் சிறையிலும் இருந்தார். அந்த மண்ணின் பெண்களைவிட நமக்கா அந்தப் பண்பாட்டின்மேல் அக்கறை அதிகம்?

அவர்களில் பெரும்பாலோர் முஸ்லிம்கள், அதனால் மதத்தைத் தாக்குகிறேன் என்றும் சிலர் வருவீர்கள். மஹர், அதாவது மாப்பிள்ளை பெண்ணுக்குத் தரவேண்டிய மணக்கொடை, இல்லாமல் பெண்ணுக்குப் பெண் மாற்றுவதை 'ஷிகார்' என்று பெயர் சொல்லியே நபிமொழி தடுக்கிறது. போய்ப் பாருங்கள்.

'அந்தப் பெண்களே ஏற்றுக்கொண்டுதானே வாழ்கிறார்கள்?' இதுதான் எனக்கு அதிகம் வலிக்கிறது. தான் மறுத்தால் அண்ணன் கல்யாணம் நின்றுபோகும், வீடே தன்னைப் பழிக்கும் என்று தெரிந்தவள் தலையாட்டாமல் வேறு என்ன செய்வாள்? அதற்குப் பெயர் சம்மதமா? என் அத்தையும் தலையாட்டினார். தயவுசெய்து இதற்குமேல் என்னிடம் மரபு, அழகு என்று பேச வராதீர்கள்.